பதில் சொல்ல ஆளில்லாத நாற்காலி

டான் செரி தொலைக்காட்சித் திரையை விட்டுப் போய் ஆண்டுகள் ஓடிவிட்டன. ஆனாலும் கனடாவில் ஐஸ் ஹாக்கி ரசிகர்கள் நாலு பேர் கூடிப் பேசினால் இன்றும் அதே பல்லவிதான். கிழவர் வாய் தவறி ஒரு வார்த்தை விட்டுவிட்டார், அதற்காக நாற்பது ஆண்டு பழகிய முகத்தை இரண்டே நாளில் தூக்கியெறிந்துவிட்டார்கள், சாதாரண மக்களுக்காகப் பேசிய ஒரே குரலையும் நெரித்துவிட்டார்கள் என்கிறார்கள். பத்தி எழுத்தாளர்கள் எழுதுகிறார்கள், அரசியல்வாதிகள் மேடையில் முழங்குகிறார்கள், அவரைப் பிடிக்காதவர்கள்கூட 'இருந்தாலும் அவர் மக்கள் குரல்தானே' என்று பாதி ஒத்துக்கொள்கிறார்கள். இந்தப் பேச்சில் ஒரு பாதிகூட உண்மையில்லை. அது வாய் தவறியதும் இல்லை, அவர் மக்கள் குரலாக இருந்ததும் இல்லை.

அறியாதவர்களுக்காகச் சுருக்கமாக. 1934இல் ஒண்டாரியோ மாநிலத்துக் கிங்ஸ்டனில் பிறந்தவர் செரி. ஆட்டக்காரராக இரண்டாம்தர அணிகளிலேயே காலம் போயிற்று. என்எச்எல் என்ற தலைமைத் தொடரில் அவர் ஆடியது 1955இல் பாஸ்டன் புரூயின்ஸ் அணிக்காக ஒரே ஒரு ஆட்டம். பயிற்சியாளராகத்தான் பெயர் வாங்கினார். 1974 முதல் 1979 வரை அதே பாஸ்டன் அணியை நடத்தினார், 1976இல் சிறந்த பயிற்சியாளர் விருது பெற்றார். 1979 அரையிறுதியின் ஏழாவது ஆட்டத்தில், மான்ட்ரியாலுக்கு எதிராக முன்னிலையில் இருந்தபோது, அளவுக்கு மேல் ஓர் ஆளைப் பனித்தளத்தில் இறக்கியதற்காகத் தண்டனை வாங்கித் தோற்றது அவர் அணி. அதோடு பாஸ்டன் வேலை போயிற்று. அடுத்த ஆண்டு கனடாவின் அரசு ஒலிபரப்பு நிறுவனமான சிபிசி அவரைக் கேமரா முன் உட்காரவைத்தது. 1952 முதல் தொலைக்காட்சியில் வரும் 'ஹாக்கி நைட் இன் கனடா' என்ற சனிக்கிழமை இரவு நிகழ்ச்சியில், முதல் இடைவேளையின்போது, 'கோச்சஸ் கார்னர்' என்ற பகுதி அவருடையதாயிற்று. 2019 நவம்பர் வரை அந்த நாற்காலி வேறொருவருக்குப் போகவில்லை.

அந்த ஆண்டு நவம்பர் 9 அன்று அவர் பேசியது இதுதான். கனடாவில் போரில் இறந்தவர்களை நினைத்து நவம்பர் 11 வரை சட்டையில் சிவப்புப் பாப்பிப் பூ குத்திக்கொள்வது வழக்கம். தான் வசிக்கும் மிசிசாகாவில் யாரும் அதை அணிவதில்லை, டொராண்டோ நகரத்துக்குள் கேட்கவே வேண்டாம் என்றார். பிறகு கேமராவை நோக்கி, இங்கே வந்து எங்கள் வாழ்க்கை முறையை, எங்கள் பாலையும் தேனையும் அனுபவிக்கும் நீங்கள் ஒரு பூவுக்கு இரண்டு டாலராவது கொடுக்கக் கூடாதா என்று கேட்டார். பூ அணியாதவர்களை அவர் எண்ணிப் பார்க்கவில்லை. அவர்கள் எந்த நாட்டிலிருந்து வந்தவர்கள் என்று விசாரிக்கவும் இல்லை. தெருவில் கண்ட முகங்களின் நிறமே அவருக்குப் போதுமான சாட்சியாக இருந்தது. நவம்பர் 11 அன்று, நினைவு நாளிலேயே, அப்போது ஒளிபரப்பு உரிமை வைத்திருந்த ரோஜர்ஸின் ஸ்போர்ட்ஸ்நெட் நிறுவனம் அவரை நீக்கியது.

வாய் தவறியது என்று வாதாடுபவர்களுக்கு முதல் மறுப்பு செரியிடமிருந்தே வந்தது. நீக்கப்பட்ட அன்றே பத்திரிகையிடம், நான் சொன்னது எனக்குத் தெரியும், தெரிந்துதான் சொன்னேன் என்றார். 'எல்லோரும்' என்று சொல்லியிருக்கலாம் என்று பின்னால் வருத்தப்பட்டதும் உண்டு. ஆனால் சொன்னதிலிருந்து பின்வாங்க மாட்டேன் என்பதில் அவர் உறுதியாக இருந்தார். அவருடைய ஆதரவாளர்கள் அவர் கேட்காத மன்னிப்பை அவர் பெயரில் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள்.

அதற்கு முந்தைய முப்பது ஆண்டுகளையும் பாருங்கள். 1989இல் வின்னிபெக் ஜெட்ஸ் அணிக்குத் துணைப் பயிற்சியாளராகப் பின்லாந்துக்காரர் ஆல்போ சுஹோனன் வந்தபோது, அந்தப் பெயரைக் கேட்டால் நாய்த்தீனி போலிருக்கிறது என்று திரையில் சொன்னார். 1998 நாகானோ குளிர்கால ஒலிம்பிக்கில் கனடாக் கொடியை ஏந்த ஜான்-லூக் பிராஸார் தேர்வானபோது, யாருக்கும் தெரியாத எவனோ ஒரு பிரெஞ்சுக்காரன் என்று தள்ளினார். பிராஸார் அதற்கு முந்தைய ஒலிம்பிக்கில் பனிச்சறுக்கில் தங்கம் வென்றவர். 2004 ஜனவரியில், கண்ணைக் காக்கும் வைசர் அணிபவர்களில் பெரும்பாலோர் ஐரோப்பியர்களும் பிரெஞ்சுக்காரர்களும்தான் என்றார். அவர் வாயில் அது கோழைகள் என்பதற்கு மறுபெயர். அதன்பின் சிபிசி அவர் பகுதியை ஏழு வினாடி தாமதித்து ஒளிபரப்பத் தொடங்கியது. வாய் தவறிப் பேசுபவருக்காக யாரும் ஏழு வினாடி இயந்திரம் வைப்பதில்லை. அவர் என்ன பேசுவார் என்பது 2004இலேயே நிறுவனத்துக்குத் தெரியும். தெரிந்தும் பதினைந்து ஆண்டுகள் உட்காரவைத்திருந்தார்கள்.

அடுத்தது மக்கள் குரல் என்ற வாதம். இதற்குத்தான் அதிகம் பேர் மயங்குகிறார்கள். ஆதாரமாக 2004இல் சிபிசி நடத்திய 'மாபெரும் கனடியர்' வாக்கெடுப்பைக் காட்டுவார்கள். அதில் செரி ஏழாவது இடம். நாட்டின் முதல் பிரதமர் ஜான் மெக்டொனால்டு எட்டாவது, ஐஸ் ஹாக்கியின் தலைசிறந்த ஆட்டக்காரர் வெய்ன் கிரெட்ஸ்கி பத்தாவது. மக்கள் மனத்தில் அவருக்கு இருந்த இடத்துக்கு இதைவிடச் சான்று வேண்டுமா என்று கேட்பார்கள். கால் நூற்றாண்டாக வாரந்தோறும் அவரைத் திரையில் காட்டிய அதே நிறுவனம், தன் திரையிலேயே, யார் பெரியவர் என்று கேட்டது. கேமரா தான் வளர்த்த உருவத்தையே திரும்பவும் எண்ணிப் பார்த்தது. முகம் பழகிப்போவதும் பிரதிநிதியாவதும் ஒன்றா?

அந்த முகம் எப்படிப் பழக்கப்பட்டது என்பதைப் பழைய பதிவொன்றை எடுத்து நிறுத்தி நிறுத்திப் பார்த்தால் புரியும். முதல் இருபது நிமிட ஆட்டம் முடிகிறது. ஊர் ஊராக மதுக்கடைகளிலும் வீட்டுக் கூடங்களிலும் ஆட்டத்துக்காக உட்கார்ந்திருப்பவர்கள் அப்படியே உட்கார்ந்திருக்கிறார்கள், இரண்டாம் பகுதி வரவேண்டுமே. திரைச் சட்டத்துக்குள் இரண்டு பேர். ஒருவர் அடக்கமான கோட் அணிந்த ரான் மக்லீன், 1987 முதல் கூடவே இருந்தவர். மற்றவர் செரி. தாடையை முட்டும் விறைத்த வெள்ளைக் காலர். திரைச்சீலைத் துணியும் மெத்தைத் துணியும் விற்கும் கடையில் எடுத்துத் தைத்த பூப்போட்ட கோட். செரி மக்லீனை அதிகம் பார்ப்பதில்லை. விரலை நீட்டி, 'குழந்தைகளே, கேளுங்கள்' என்று நேராகக் கண்ணாடிக்குள் பேசுகிறார். மக்லீன் இடையில் ஒரு சிலேடை சொல்வார், சில நேரம் லேசாக மறுப்பார். மறுப்பு முடியுமுன் செரியின் குரல் அதன்மேல் ஏறிவிடும். பிறகு ஆட்டத்தின் காட்சித் துண்டு, பெருவிரலை உயர்த்திக் காட்டல், விளம்பரம். 2019 நவம்பர் 9 பதிவிலும் இதேதான். குடியேறிகளைப் பற்றிய பேச்சு முடிந்ததும் மக்லீன் பெருவிரலை உயர்த்தினார். மறுநாள் மன்னிப்புக் கேட்டார். அந்த விரல் உயர்ந்தது கெட்ட எண்ணத்தால் என்று நான் சொல்ல மாட்டேன். முப்பது ஆண்டுகளாக அந்தச் சட்டத்துக்குள் மறுப்புக்கு இடமே வைக்கப்படவில்லை. கை பழகிய வேலையைச் செய்தது.

இதை மக்கள் குரல் என்றால், எந்த மக்கள்? சிபிசி வரிப்பணத்தில் நடப்பது. கியூபெக்கில் பிரெஞ்சு பேசுபவனின் வரியும் அதில் உண்டு. அவனை அவன் காசிலேயே கோழை என்று சொல்ல ஒருவருக்கு நாற்காலி போட்டுக் கொடுத்தார்கள், பதில் சொல்ல அவனுக்கு ஒரு முக்காலிகூட இல்லை. பிராஸாருக்கு அடுத்த சனிக்கிழமை அதே இடைவேளையில் இரண்டு நிமிடம் கொடுத்தார்களா? சுஹோனனுக்கு? ஒருவர் பேச மற்றவர்கள் கேட்டே ஆகவேண்டும் என்ற ஏற்பாட்டில் பேசுபவர் யாராக இருந்தாலும், அவரை மக்கள் குரல் என்று அழைப்பது மக்களுக்குச் செய்யும் அவமரியாதை.

சாதாரண உழைக்கும் ஆட்டக்காரனின் தோழர் என்றும் அவரைச் சொல்வார்கள். அந்தப் பேச்சைக் கேட்கும்போது எனக்கு 2011 நினைவுக்கு வருகிறது. ஐஸ் ஹாக்கி அணிகளில் எதிரணிக்காரனோடு கைகலப்பதற்கென்றே சிலரை வைத்திருப்பார்கள், என்ஃபோர்ஸர் என்பார்கள். பெரும்பாலும் சிற்றூர்ப் பையன்கள், குறைந்த திறமையும் நிறைந்த துணிச்சலும் உள்ளவர்கள். செரி தூக்கிப் பிடித்தது இவர்களைத்தான். 1989 முதல் ஆண்டுதோறும் அவர் வெளியிட்ட 'ராக்கெம் சாக்கெம்' வீடியோக்களில் மோதல்களும் இடிகளும்தான் சரக்கு. 2011 மே மாதம் நியூயார்க் ரேஞ்சர்ஸ் அணியின் டெரெக் பூகார்டு 28 வயதில் இறந்தார், மதுவும் வலிமாத்திரையும் சேர்ந்து கொன்றன. ஆகஸ்டில் ரிக் ரிப்பியன், 27 வயது. அதே மாதக் கடைசியில் வேட் பெலாக், 35 வயது. நாலே மாதத்துக்குள் மூன்று பேர். பூகார்டின் மூளையைப் பரிசோதித்த பாஸ்டன் பல்கலைக்கழக மருத்துவர்கள், தலையில் திரும்பத் திரும்ப அடிபடுவதால் வரும் சிடிஇ என்ற நோய் அந்த வயதிலேயே முற்றியிருந்ததைக் கண்டார்கள்.

அந்த அக்டோபரில் புதிய பருவம் தொடங்கிய முதல் இரவு. அந்தப் பையன்களின் தோழர் என்ன பேசியிருக்க வேண்டும்? ஸ்டூ கிரிம்சன், கிறிஸ் நிலன், ஜிம் தாம்சன் என்ற மூன்று முன்னாள் என்ஃபோர்ஸர்களின் பெயரைச் சொல்லி, சண்டையால்தான் குடிக்கும் மருந்துக்கும் அடிமையானோம் என்று இப்போது புலம்பும் துரோகிகள், நயவஞ்சகர்கள் என்றும், இன்னும் அருவருப்பான சொல்லாலும் வைதார். அவர்கள் அப்படிச் சொல்லவே இல்லை. மூவரும் வழக்கறிஞர்களை நாடும் நிலை வந்தபிறகு தவறென்று ஒப்புக்கொண்டார். இதே நிலன் ஆட்டத்தை விட்டபின் வலிமாத்திரையிலும் ஹெராயினிலும் சிக்கி மீண்டு வந்தவர். தன் உடம்பை அணிக்குக் கொடுத்தவன் தனக்கு வலிக்கிறது என்று வாய் திறந்ததும் துரோகியாகிவிடுகிறான் என்றால், அது தோழமை ஆகாது. அடிவாங்குபவன் சத்தமில்லாமல் வாங்கிக்கொள்ளும்வரை மட்டுமே கிடைத்த பாராட்டு அது. என்னைக் கேட்டால் அவர் நாற்காலி அந்த இரவோடு காலியாகியிருக்க வேண்டும், எட்டு ஆண்டு தாமதமாயிற்று.

அவரிடம் நல்லதே இல்லையா என்றால், உண்டு. எல்லைக் கோட்டைத் தாண்டிப் போன பக் என்ற ரப்பர் வட்டைத் துரத்தி இரண்டு பேர் முழு வேகத்தில் சுவரில் மோதி எலும்பு முறிவது பழைய ஐசிங் விதியின் கொடுமை. அந்த விதியை மாற்றச் சொல்லி அவர் ஆண்டுக்கணக்கில் போராடினார், 2013இல் என்எச்எல் அதை மாற்றியது. பெண்கள் ஹாக்கியை மனமாரப் பாராட்டினார். ஆப்கானிஸ்தானில் இறந்த கனடிய வீரர்களின் படங்களைத் திரையில் காட்டி, பெயர் சொல்லி, கண் கலங்கினார். அந்தக் கண்ணீர் நடிப்பு என்று நான் ஒருநாளும் சொல்ல மாட்டேன். அந்தப் பெற்றோருக்கு அது பெரிய ஆறுதல். அதனால்தான் 2019 பேச்சு இன்னும் கொடியதாகிறது. இறந்தவர்களுக்கான துக்கத்தை எடுத்து, உயிரோடிருப்பவர்களில் யார் உள்ளே, யார் வெளியே என்று பிரிக்கும் வேலியாக்கினார். பாப்பிப் பூவை நாடெங்கும் வழங்கும் ராயல் கனடியன் லீஜியனே, அதாவது முன்னாள் படைவீரர்களின் சங்கமே, அவர் பேச்சு புண்படுத்துவது, பிளவுபடுத்துவது, எங்களுக்கு உடன்பாடில்லை என்று அறிக்கை விட்டது. படைவீரர்களுக்காகப் பேசினார் என்று இன்னும் சொல்பவர்கள் அந்தப் படைவீரர்கள் சொன்னதை ஏன் கேட்க மறுக்கிறார்கள்?

செரியின் மிசிசாகாவிலிருந்து காரில் ஒரு மணி நேரம் போனால் கிச்சனர் நகரம். அங்கே மவுண்ட் ஹோப் கல்லறைத் தோட்டத்தில் பக்கம் சிங் என்ற சீக்கியப் படைவீரரின் கல்லறை இருக்கிறது. பஞ்சாபில் பிறந்து பிழைப்புக்காகக் கனடா வந்தவர். 1915இல் கனடியப் படையில் சேர்ந்தார். 1916இல் ஃபிளாண்டர்ஸ் போர்க்களத்தில் காயம்பட்டார். அவருக்குச் சிகிச்சை நடந்த ராணுவ மருத்துவமனையில் பொறுப்பில் இருந்தவர் ஜான் மெக்ரே. பாப்பிப் பூ நினைவுச் சின்னமானதற்கே காரணமான கவிதையை எழுதிய அதே மெக்ரே. காசநோயால் 1919இல் பக்கம் சிங் இறந்தபோது அவருக்கு 25 வயது. அந்தக் கல்லறையில் நவம்பர்தோறும் தலைப்பாகையும் பாப்பிப் பூவுமாகச் சீக்கியர்கள் கூடி வணங்குகிறார்கள். பாலும் தேனும் தேடி வந்ததாகச் சொல்லப்பட்டவர்களில் ஒருவர் இந்த மண்ணுக்குக் கொடுத்தது அது. முதல் உலகப்போரில் கடல் கடந்து போன இந்திய வீரர்கள் பத்து லட்சத்துக்கும் மேல். மெசபட்டோமியாவில் நம் மதராஸ் சாப்பர்கள் என்ற பொறியாளர் படையினரும் இருந்தார்கள்.

தமிழர்களுக்கும் இது வேடிக்கை பார்க்கும் விஷயமில்லை. செரி சுட்டிக்காட்டிய டொராண்டோ வட்டாரத்தில், ஸ்கார்பரோவிலும் மார்க்கத்திலும் மிசிசாகாவிலும், 1983க்குப் பிறகு ஈழத்திலிருந்து வந்தவர்கள் பெருந்தொகையாக வாழ்கிறார்கள். பிள்ளையைப் போரில் பறிகொடுத்து, எடுத்து அடக்கம் செய்ய உடல்கூடக் கிடைக்காமல் வந்த தாய்மார் அவர்களுக்குள் இருக்கிறார்கள். போர்ச் சாவு என்றால் என்னவென்று அவர்களுக்கு ஒரு தொலைக்காட்சி நாற்காலியிலிருந்து கற்பிக்க வேண்டுமா? அந்தத் தாயின் மகள், இங்கேயே பிறந்தவள், சனிக்கிழமை இரவு டொராண்டோவின் மேப்பிள் லீஃப்ஸ் அணிப் பனியனோடு உட்கார்ந்து ஆட்டம் பார்க்கிறாள். இடைவேளையில் திரையிலிருந்து ஒரு விரல் நீண்டு, இது உன் வீடில்லை என்கிறது. அவள் சாதாரண மக்களில் சேர்த்தியில்லையா?

கருத்துச் சுதந்திரம் போயிற்று என்ற கூப்பாட்டுக்கு நிறைய இடம் செலவழிக்க வேண்டியதில்லை. நீக்கப்பட்ட சில நாளிலேயே செரி தன் பாட்காஸ்டைத் தொடங்கினார், வேண்டியதைப் பேசினார், கேட்க விரும்பியவர்கள் கேட்டார்கள். பேசும் உரிமை எல்லோருக்கும் உண்டு. நாடு முழுவதும் ஆட்டத்துக்காகக் காத்திருக்கும் வேளையில் எதிர்ப்பேச்சின்றிப் பேசும் உரிமை யாருக்கும் பிறவிச்சொத்து கிடையாது.

அவர் வெறும் வேடிக்கை மனிதர், கோமாளிக் கோட்டைப் பார்த்தாலே தெரியவில்லையா என்பவர்களும் உண்டு. அந்தக் கோட்டுதான் அவருக்கு அனுமதிச் சீட்டாக இருந்தது. சாம்பல் நிறக் கோட் போட்ட ஒருவர் பிரெஞ்சுக்காரர்கள் கோழைகள் என்று சொல்லியிருந்தால் மறுநாளே கணக்குத் தீர்த்து அனுப்பியிருப்பார்கள். பூப்போட்ட கோட்டிலிருந்து வந்ததால் 'அவர் அப்படித்தான்' என்று சிரித்துக் கடந்தார்கள். சிரித்தவர்களுக்கு ஒன்றும் ஆகவில்லை. யாரைப் பற்றிச் சிரித்தார்களோ அவர்கள்தான் விலை கொடுத்தார்கள்.

அவரில்லாமல் ஹாக்கி ஒளிபரப்பு உப்புச்சப்பில்லாமல் போய்விட்டதாம். இதைச் சொல்பவர்கள் ஹர்நாராயண் சிங்கின் குரலைக் கேட்டதில்லை போலும். ஆல்பர்ட்டாவின் புரூக்ஸ் என்ற சிற்றூரில் பிறந்த சீக்கியர். 2008இல் பஞ்சாபி மொழியில் ஹாக்கி வர்ணனை தொடங்கியபோது, கல்கரியிலிருந்து டொராண்டோவுக்கு வார இறுதிகளில் தன் கைக்காசில் விமானம் ஏறிப்போய்ப் பேசினார். 2016 இறுதிப்போட்டியின் முதல் ஆட்டத்தில் பிட்ஸ்பர்க் அணியின் நிக் போனினோ கடைசி நிமிடங்களில் கோல் அடித்தபோது, மூச்சு விடாமல் 'போனினோ, போனினோ' என்று அவர் அடுக்கிக்கொண்டே போன குரலுக்குப் பஞ்சாபி ஒரு சொல்லும் அறியாத ரசிகர்களும் துள்ளினார்கள். பிட்ஸ்பர்க் அணி தன் வெற்றிக் கொண்டாட்டத்துக்கே அந்த வர்ணனைக் குழுவை அழைத்தது. அதே ஆண்டு நவம்பரில் ஆங்கில ஒளிபரப்பிலும் அவர் இடம்பெற்றார், தலைப்பாகையோடு. ஒருவரையும் வெளியே தள்ளாமல் ஆட்டத்தின் சூட்டை ஏற்ற முடியும் என்பதற்கு இதைவிட வேறு என்ன வேண்டும்? செரியின் நாற்காலி நாடு பார்க்கும் முதல் இடைவேளையில் இருந்த காலத்தில் இவருடைய நாற்காலி எங்கோ ஒரு துணை அலைவரிசையில் இருந்தது. எது கனடா என்பதை அந்த இட ஒதுக்கீட்டால் தீர்மானித்தவர்கள் மக்கள் அல்லர், நிகழ்ச்சித் தயாரிப்பாளர்கள்.

ஆகவே என் கோபம் செரியின்மேல் மட்டுமில்லை. அவருக்கு வயது 85 ஆகும்வரை விளம்பரக் காசு எண்ணிக்கொண்டிருந்தவர்கள் இருக்கிறார்கள். முதலில் சிபிசி, பிறகு 520 கோடி டாலருக்குப் பன்னிரண்டு ஆண்டு ஒளிபரப்பு உரிமையை வாங்கிய ரோஜர்ஸ் நிறுவனம். தங்கள் திரையில் யார் அவமானப்பட்டார்கள் என்று அவர்களுக்குத் தெரியும், 2004இலும் 2011இலும் தெரியும். புகார்கள் குவிந்து ஒலிபரப்புத் தர மன்றத்தின் பதிவு முறையே திணறிய பிறகுதான் 2019இல் அவர்களுக்கு நெறி நினைவுக்கு வந்தது. அடுத்த சனிக்கிழமை அதே இடைவேளையில் மக்லீன் தனியாக உட்கார்ந்து, கோச்சஸ் கார்னர் இனி இல்லை என்று அறிவித்தார். அதே மாதம்தான், முன்னாள் ஆட்டக்காரர் அகீம் அலியு, பத்தாண்டுகளுக்கு முன் தன்னைக் கறுப்பர் என்பதற்காக இழிசொல்லால் வைத பயிற்சியாளரைப் பற்றி வாய் திறந்தார். அந்தப் பயிற்சியாளர், அப்போது கல்கரி அணியை நடத்திய பில் பீட்டர்ஸ், சில நாளில் பதவி விலகினார். உடைமாற்றும் அறையில் அத்தனை ஆண்டுகள் ஒருவனை மௌனமாக வைத்திருந்த பழக்கத்துக்கும், திரையில் எதிர்ப்பேச்சே இல்லாமல் ஓடிய அந்த இடைவேளைக்கும் தொடர்பில்லை என்று யாராவது எனக்கு நிரூபிக்கட்டும்.

செரிக்காக இன்னும் உருகுபவர்கள் முதலில் 2011 அக்டோபர் பதிவைப் போட்டுப் பார்க்கட்டும். பார்த்துவிட்டு, பூகார்டு, ரிப்பியன், பெலாக் மூவரின் குடும்பத்தாரிடம் போய், அந்த இரவு அவர் உங்கள் பிள்ளைகளின் குரலாகத்தான் பேசினார் என்று சொல்லட்டும்.